சி டிரைவ் நிறைந்துவிட்டதா? கேம்களை இடம் மாற்றும் முன் சேவ் கோப்பைக் கவனிக்கவும்

ஜித்ரா - 256 ஜிபி என்று சொல்லி வாங்கிய மடிக்கணினியைத் திறந்து பார்த்தால் விண்டோஸ் 238 ஜிபி என்றுதான் காட்டும். கடைக்காரர் ஏமாற்றவில்லை. தயாரிப்பாளர் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார், விண்டோஸ் 1,024 வீதம் எண்ணுகிறது, அவ்வளவுதான். அதிலும் விண்டோஸுக்கும் பாட வேலைக்கான மென்பொருள்களுக்கும் ஒரு பங்கு போய்விடும். மிஞ்சிய இடத்தில் கேம் வைக்கலாம் என்று பார்த்தால், 'பால்டர்ஸ் கேட் 3' ஒன்றே 150 ஜிபி கேட்கிறது. 'ஸ்டார்ஃபீல்ட்' 125 ஜிபி, 'கவுண்டர்-ஸ்டிரைக் 2' 85 ஜிபி. இரண்டாவது கேமை இறக்கும்போதே சி டிரைவ் சிவப்பாகிவிடும்.

பழையதை அழித்துவிட்டு, வேண்டும்போது மறுபடி இறக்கிக்கொள்ளலாம் என்பது தாமானில் ஃபைபர் இணைப்போடு இருப்பவர்களுக்குச் சரிப்பட்டு வரும். நொடிக்கு 100 மெகாபிட் இணைப்பில் 100 ஜிபி கேம் இறங்க இரண்டேகால் மணி நேரம் ஆகும். 30 மெகாபிட் என்றால் ஏழரை மணி நேரம். ஃபைபர் எட்டாத தோட்டத்து வீட்டில் கைப்பேசி ஹாட்ஸ்பாட்தான் கதி என்றால் நேரத்தைவிட டேட்டாதான் பிரச்சினை. பல திட்டங்களில் ஹாட்ஸ்பாட்டுக்குத் தனி வரம்பு உண்டு, ஒரு கேமிலேயே அந்த மாதத்து டேட்டா தீர்ந்துவிடும். அதே 100 ஜிபியை யுஎஸ்பி 3.0 ஹார்ட் டிஸ்க்குக்கு நகலெடுக்க இருபது நிமிடம், மிஞ்சினால் அரை மணி நேரம் போதும். பண்டார் டாருல் அமான் பொலிடெக்னிக்கிலோ சிந்தோக் பல்கலைக்கழகத்திலோ படிக்கும் பிள்ளை, விடுமுறைக்கு வீட்டுக்குக் கிளம்பும்போது கேமை டிஸ்க்கில் போட்டு எடுத்து வந்தால் வீட்டில் ஒரு ஜிபிகூட வீணாகாது.

ஆனால் கோப்புறையை இழுத்து வேறு டிரைவில் போட்டால் வேலை முடிந்தது என்று நினைப்பதில்தான் தவறு தொடங்குகிறது.

இழுத்துப் போட்டால் ஏன் ஓடுவதில்லை?

ஸ்டீம், எபிக் போன்ற லாஞ்சர்கள் ஒவ்வொரு கேமும் எந்த டிரைவில், எந்தக் கோப்புறையில் இருக்கிறது என்று ஒரு முகவரியைத் தங்கள் பதிவில் வைத்திருக்கின்றன. கோப்புறையை நாமே தூக்கி இடம் மாற்றினால் அந்த முகவரி பழையதாகவே நிற்கும். 'பிளே' அழுத்தினால் லாஞ்சர் பழைய இடத்தில் போய்த் தேடும், காணாமல் 'இன்ஸ்டால்' என்று காட்டும். அப்போது பதற்றத்தில் இன்ஸ்டாலை அழுத்துபவர்களுக்கு 100 ஜிபி மறுபடி இறங்கத் தொடங்கும். கேம் அழியவில்லை, முகவரிதான் தவறு. ஆகவே இடம் மாற்றும் வேலையை லாஞ்சரையே செய்ய வைப்பது நல்லது.

முதலில் சேவ் கோப்பு

பெரும்பாலோர் கேமையும் அதில் விளையாடிச் சேர்த்ததையும் ஒன்றாகவே நினைக்கிறார்கள். இரண்டும் வேறு. 100 ஜிபி கேம் போனால் மீண்டும் இறக்கிக்கொள்ளலாம். சில மெகாபைட் அளவே உள்ள சேவ் கோப்பு போனால் ஒன்றும் செய்ய முடியாது. 'ஃபுட்பால் மேனேஜரில்' பன்னிரண்டு பருவம் ஓட்டி, மூன்றாம் நிலை அணியை முதல் நிலைக்குக் கொண்டு வந்த ஒருவருக்கு அந்தக் கோப்புதான் எல்லாம்.

பல கேம்களில் சேவ் கோப்பு கேமின் கோப்புறைக்குள் இருப்பதில்லை. 'ஃபுட்பால் மேனேஜர்' பொதுவாக டாக்குமென்ட்ஸில் 'ஸ்போர்ட்ஸ் இன்டராக்டிவ்' என்ற கோப்புறைக்குள் வைக்கிறது. 'ஜிடிஏ 5' அதே டாக்குமென்ட்ஸில் 'ராக்ஸ்டார் கேம்ஸ்' கோப்புறைக்குள் வைக்கிறது. 'ஸ்டார்டியூ வேலி', ஜாவா பதிப்பு 'மைன்கிராஃப்ட்' இரண்டும் ஆப்டேட்டா என்ற மறைந்திருக்கும் கோப்புறைக்குள் வைக்கின்றன. அதைத் திறக்க விண்டோஸ் விசையையும் 'ஆர்' விசையையும் சேர்த்து அழுத்தி, இரண்டு சதவீதக் குறிகளுக்கு நடுவே ஆப்டேட்டா என்று ஆங்கிலத்தில் இடைவெளியின்றித் தட்டச்சு செய்ய வேண்டும். அங்கே புள்ளியில் தொடங்கும் மைன்கிராஃப்ட் கோப்புறைக்குள் 'சேவ்ஸ்' இருக்கும். பிள்ளைகள் கட்டிய வீடு, பண்ணை எல்லாம் அதற்குள்தான்.

இதில் நன்மையும் உண்டு, தொல்லையும் உண்டு. சேவ் வேறிடத்தில் இருப்பதால், அதே கணினியில் கேமை டி டிரைவுக்கு மாற்றினாலும் விட்ட இடத்திலிருந்து ஆடலாம். ஆனால் கேம் கோப்புறையை மட்டும் டிஸ்க்கில் எடுத்துக்கொண்டு வேறு கணினிக்குப் போனால், அல்லது விண்டோஸைப் புதிதாகப் போட சி டிரைவை அழித்துவிட்டால், சேவ் பின்னாலேயே நின்றுவிடும். கணினியைக் கடைக்கு 'ஃபார்மட்' செய்யக் கொடுப்பவர்கள் அதிகம் இழப்பது இப்படித்தான். டி டிரைவைத் தொட வேண்டாம் என்று கடைக்காரரிடம் சொல்லியிருப்பார்கள், அவரும் தொட்டிருக்கமாட்டார்.

சில பழைய கேம்கள் சேவ் கோப்பைத் தங்கள் கோப்புறைக்குள்ளேயே வைக்கும். அவற்றை அன்இன்ஸ்டால் செய்தால் சேவும் சேர்ந்து போகலாம். ஆக, எந்த முறையில் மாற்றுவதாக இருந்தாலும் சேவ் எங்கே இருக்கிறது என்று தேடி, ஒரு நகலைப் பென்டிரைவில் எடுத்துக்கொண்டு பிறகு தொடங்கவும். ஸ்டீம் கிளவுட் இருக்கிறதே என்று கேட்கலாம். எல்லாக் கேம்களுக்கும் அந்த வசதி இல்லை, இருக்கும் கேமிலும் யாராவது அதை அணைத்து வைத்திருக்கலாம்.

'யூரோ டிரக் சிமுலேட்டர் 2' ஆடுபவர்களுக்கு இன்னொரு கணக்கு. பேருந்து, வரைபடம் என்று சேர்த்து வைக்கும் மோட்கள் கேமோடு இருப்பதில்லை, டாக்குமென்ட்ஸில் இருக்கும் 'மோட்' கோப்புறையில் சேரும். கேமை டி டிரைவுக்கு மாற்றிய பிறகும் சி டிரைவ் நிறைந்தே இருந்தால் அங்கே பார்க்கவும். புதிய விண்டோஸில் டாக்குமென்ட்ஸ் கோப்புறை ஒன்டிரைவோடு இணைந்திருந்தால், இலவசமாகக் கிடைக்கும் 5 ஜிபியை மோட்களே நிரப்பிவிடும்.

ஸ்டீமில்

இருப்பதிலேயே எளிது இதுதான். ஸ்டீமின் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' பகுதிக்குச் சென்று, மேலே உள்ள பட்டியலில் புதிய டிரைவைச் சேர்க்க வேண்டும். பிறகு பழைய டிரைவைத் தேர்ந்தெடுத்து, மாற்ற வேண்டிய கேம்களைக் குறியிட்டு, 'மூவ்' அழுத்தினால் போதும். ஒரே கேம் என்றால் லைப்ரரியில் அதன்மேல் வலது சொடுக்கு, பிராப்பர்டீஸ், 'இன்ஸ்டால்ட் ஃபைல்ஸ்' வழியாகவும் மாற்றலாம். முடிந்ததும் அதே இடத்தில் உள்ள 'வெரிஃபை' பொத்தானை ஒருமுறை அழுத்துவது நல்லது. நகலெடுக்கும்போது ஏதாவது கோப்பு கெட்டிருந்தால் அதை மட்டும் இறக்கிச் சரிசெய்யும்.

விடுதியிலிருந்து வீட்டுக்குக் கொண்டு வருவதற்கும் இதே வழி. வெளி டிஸ்க்கை ஸ்டீம் லைப்ரரியாகச் சேர்த்து, கேமை அதற்கு நகர்த்தி, வீட்டுக் கணினியில் அதே டிஸ்க்கைச் சேர்த்தால் கேம் இருப்பதை ஸ்டீம் தானே கண்டுகொள்ளும். கேம் கோப்புறையை மட்டும் நகலெடுத்து வந்தவர்கள், அதை வீட்டுக் கணினியின் ஸ்டீம் லைப்ரரியில் 'காமன்' கோப்புறைக்குள் போட்டுவிட்டு 'இன்ஸ்டால்' அழுத்தலாம். இருக்கும் கோப்புகளைச் சரிபார்த்து, குறைவதை மட்டும் இறக்கும். கணக்கு அந்தக் கேமுக்கு உரியதாக இருக்க வேண்டும், கோப்பு மட்டும் இருந்தால் ஓடாது.

எபிக், எக்ஸ்பாக்ஸ், மற்றவை

நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணைக் காலத்தில், 2020 மே மாதம், எபிக் 'ஜிடிஏ 5'-ஐ இலவசமாகக் கொடுத்தது. வீட்டிலேயே அடைந்து கிடந்த நேரம், பலர் எபிக் கணக்கு திறந்ததே அதற்காகத்தான். அந்த ஒரு கேம் இன்றும் பல மடிக்கணினிகளில் 100 ஜிபிக்கு மேல் பிடித்துக்கொண்டிருக்கிறது.

எபிக் லாஞ்சரில் எப்போதும் கைகொடுக்கும் வழி ஒன்று உண்டு. கேம் கோப்புறையைப் புதிய டிரைவில் தற்காலிகமாக வேறு பெயரில் நகலெடுக்கவும். லாஞ்சரில் கேமை அன்இன்ஸ்டால் செய்துவிட்டு, புதிய டிரைவைக் காட்டி மறுபடி இன்ஸ்டால் தொடங்கவும். ஓரிரு சதவீதம் இறங்கியதும் நிறுத்தி, லாஞ்சரை முழுமையாக மூடவும். நகலில் உள்ளவற்றைப் புதிதாக உருவான கோப்புறைக்குள் போட்டு, கேட்டால் 'ரீப்ளேஸ்' கொடுக்கவும். ஒரே டிரைவுக்குள் 'கட்', 'பேஸ்ட்' என்பதால் இது சீக்கிரம் முடிந்துவிடும். பிறகு லாஞ்சரைத் திறந்து 'ரெஸ்யூம்' அழுத்தினால் ஏற்கெனவே உள்ளதைச் சரிபார்த்துக்கொண்டு மிச்சத்தை மட்டும் இறக்கும். அன்இன்ஸ்டால் செய்யும் முன் நகல் முழுமையாக வந்துவிட்டதா என்று இரண்டு கோப்புறைகளின் அளவையும் ஒப்பிட்டுப் பார்க்க மறக்க வேண்டாம்.

எக்ஸ்பாக்ஸ் கேம் பாஸ் கேம்களைக் கையால் தொடவே வேண்டாம், விண்டோஸ் பூட்டி வைத்திருக்கும். எக்ஸ்பாக்ஸ் செயலியில் கேமின் 'மேனேஜ்' பகுதிக்குள் 'ஃபைல்ஸ்' பக்கத்தில் டிரைவை மாற்றும் பொத்தான் உள்ளது. ஜிஓஜி, பேட்டில்நெட் இரண்டிலும் கோப்புறையை நகர்த்திவிட்டு புதிய இடத்தை லாஞ்சருக்குக் காட்டினால் ஏற்றுக்கொள்ளும். 'ரோப்லாக்ஸ்' சிறியது, அதை மாற்றி மிச்சமாகும் இடம் ஒன்றுமில்லை. ஜங்ஷன் எனப்படும் முறையில் பழைய முகவரியையே புதிய டிரைவுக்குத் திருப்பிவிடவும் வழி இருக்கிறது. கட்டளைத் திரையில் பழக்கமுள்ளவர்கள் செய்யட்டும், மற்றவர்களுக்குத் தேவையில்லை.

எந்த டிரைவுக்கு மாற்றுவது?

சாதாரண ஹார்ட் டிஸ்க் நொடிக்கு 100 முதல் 150 மெகாபைட் வரை படிக்கும். சாட்டா எஸ்எஸ்டி ஏறக்குறைய 550, என்விஎம்இ எஸ்எஸ்டி 3,000-க்கும் மேல். இப்போது வரும் பெரிய கேம்கள் எஸ்எஸ்டி கட்டாயம் என்றே சொல்கின்றன. 'சைபர்பங்க் 2077' 2023-இல் வந்த 2.0 புதுப்பிப்போடு அந்த நிலைக்கு மாறியது. மலிவான வெளி ஹார்ட் டிஸ்க்கை ஸ்டோர் ரூம் போல வைத்துக்கொண்டு, இப்போது ஆடும் ஒன்றிரண்டு கேம்களை மட்டும் எஸ்எஸ்டியில் வைப்பது கைக்கும் பைக்கும் ஒத்துவரும். மடிக்கணினியில் இரண்டாவது எஸ்எஸ்டிக்கு இடம் இருக்கிறதா என்று கடையில் கேட்பதும் பலன் தரும்.

டிரைவ் என்டிஎஃப்எஸ் முறையில் ஃபார்மட் ஆகியிருக்க வேண்டும். ஃபேட்32 என்றால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒரு கோப்பைக்கூட ஏற்காது, பாதியில் நின்றுவிடும். வெளி டிஸ்க்கை வேறு துளையில் செருகும்போது இ என்று இருந்தது எஃப் ஆகிவிட்டால் எல்லாக் கேம்களும் காணாமல் போனதுபோல் தெரியும். டிஸ்க் மேனேஜ்மென்ட்டில் பழைய எழுத்தையே திரும்பக் கொடுத்தால் சரியாகும். நகலெடுக்கும்போது மடிக்கணினியை மின்சாரத்தில் செருகி, தூங்கும் அமைப்பை அணைத்து வைக்கவும். மாலையில் இடி முழங்கத் தொடங்கியிருந்தால், மேசைக் கணினியில் அன்றைக்கு அந்த வேலையைத் தொடங்காமல் இருப்பதே நல்லது.

இணையத்தில் சில பத்து ரிங்கிட்டுக்கு 16 டெராபைட் எஸ்எஸ்டி என்று விற்கப்படுபவை போலி. உள்ளே சிறிய மெமரி கார்டு இருக்கும், பெரிய அளவைக் காட்டும்படி மட்டும் மாற்றியிருப்பார்கள். நகலெடுக்கும்போது எல்லாம் போவதுபோலத் தெரியும், உண்மையான அளவைத் தாண்டியதும் எழுதியவை அழியத் தொடங்கும். சி டிரைவில் இருந்ததை நம்பி அழித்த பிறகுதான் தெரியவரும். புதிய டிஸ்க் எதுவானாலும் எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற இலவச மென்பொருளால் முழு அளவையும் சோதித்த பிறகே கேமை ஏற்றவும். ஏமாந்தவர்கள் உள்நாட்டு வாணிப அமைச்சின் கீழ் இயங்கும் பயனீட்டாளர் கோரிக்கை தீர்ப்பாயத்தில் 5 ரிங்கிட் கட்டணம் செலுத்தி வழக்குப் பதியலாம், 50,000 ரிங்கிட் வரையிலான கோரிக்கைகளை அது விசாரிக்கும். விற்றவர் யார் என்பது தெரிய வேண்டும். எனவே வாங்கும் அன்றே விளம்பரத்தையும் ரசீதையும் கைப்பேசியில் படம் பிடித்து வைத்துக்கொள்ளவும்.