லிட்டில்டன் தன் மகனுக்கு எழுதிய புத்தகம்

தாமஸ் லிட்டில்டன் 1466இல் இங்கிலாந்தின் காமன் ப்ளீஸ் நீதிமன்றத்தில் நீதிபதியானவர். அன்று குடிமக்களுக்குள் மூண்ட நிலத் தகராறுகள் பெரும்பாலும் போய்ச் சேர்ந்த இடம் அந்த நீதிமன்றம்தான். அங்கே கேட்டதையும் கற்றதையும் வைத்து, தன் மகன் ரிச்சர்டு சட்டம் படிக்க உதவும் என்று ஒரு கையடக்கமான நூலை எழுதினார். மகனே, மகனே என்று விளித்து எழுதிய நூல். அதன் பெயர் ‘டெனர்ஸ்’. நிலத்தை யார், யாரிடமிருந்து, என்ன கடமைக்குக் கட்டுப்பட்டு வைத்திருக்கிறார் என்பதுதான் அதன் பொருள். எழுதி முடித்த பிறகு, இதில் உள்ளதெல்லாம் சட்டம் என்று நம்பிவிடாதே, விவரம் தெரிந்தவர்களிடம் கேட்டுத் தெளிந்துகொள் என்று மகனை எச்சரித்தும் வைத்தார்.

நிலம் என்றால் அன்று வெறும் மண் அல்ல. நிலம் வைத்திருப்பவர் தன் பிரபுவுக்கு விசுவாசம் சொல்லும் சடங்கை லிட்டில்டன் படிப்படியாக எழுதியிருக்கிறார். இடைவார் கழற்றியிருக்க வேண்டும். தலையில் ஒன்றும் இருக்கக் கூடாது. பிரபு உட்கார்ந்திருப்பார். இவர் எதிரே இரண்டு முழங்காலையும் ஊன்றி, கைகளைக் கூப்பி நீட்டுவார். பிரபு அந்தக் கைகளைத் தன் கைகளுக்குள் பிடித்துக்கொள்வார். உம்முடைய ஆளாகிறேன் என்று இவர் சொல்லி முடித்ததும் பிரபு முத்தமிடுவார். விதவைக்குக் கணவன் நிலத்தில் எவ்வளவு பங்கு, அடிமைக்குடியானவன் என்பவன் யார், சகோதரிகள் சொத்தைப் பிரித்துக்கொள்வது எப்படி என்று ஒவ்வொன்றையும் இதே நிதானத்துடன் சொல்லிக்கொண்டு போகிறார்.

இவ்வளவும் எழுதப்பட்டது ஆங்கிலத்தில் அல்ல, சட்டப் பிரெஞ்சில். நார்மன் படையெடுப்புக்குப் பின் ஆண்டவர்களின் மொழி. 15ஆம் நூற்றாண்டில் வீட்டில் அதை யாரும் பேசவில்லை. வக்கீல்களும் நீதிபதிகளும் தங்களுக்குள் வைத்துக்கொண்ட தொழில்மொழியாக அது மிஞ்சியிருந்தது. தன் வயலைப் பற்றி ஏடுகளில் என்ன எழுதியிருக்கிறது என்று அந்த வயலில் உழுதவனால் படிக்க முடியாது.

சட்டம் படிப்பவர்களும் அன்று பெரும்பாலும் காதால்தான் படித்தார்கள். லண்டனில் இன்னர் டெம்பிள், மிடில் டெம்பிள், லிங்கன்ஸ் இன், கிரேஸ் இன் என்று நான்கு வழக்கறிஞர் சங்கங்கள். மாணவர்கள் அங்கேயே தங்கி, மூத்தவர்களின் விரிவுரையைக் கேட்டு, கற்பனை வழக்குகளை வைத்து வாதாடிப் பழகினார்கள். நீதிமன்றத்தில் யார் என்ன வாதிட்டார் என்ற குறிப்புகள் ஆண்டேடுகள் என்ற பெயரில் கையெழுத்துப் படிகளாகக் கைமாறின. ஒருவர் வைத்திருந்த படியும் இன்னொருவர் வைத்திருந்ததும் ஒத்துப்போகும் என்று சொல்ல முடியாது. ஒரே வழக்கை இருவர் இரு விதமாக மேற்கோள் காட்டினால், நீதிபதியின் ஞாபகம்தான் தீர்த்துவைக்க வேண்டும்.

லிட்டில்டன் 1481 ஆகஸ்டில் காலமானார். அவர் இறந்ததும் புத்தகம் அச்சேறியதும் ஏறக்குறைய ஒரே சமயம். அச்சிட்டவர்கள் ஜான் லெட்டூ, வில்லியம் டி மக்லினியா. பெயரை வைத்துப் பார்த்தால் ஒருவர் லித்துவேனியப் பக்கம், மற்றவர் இன்று பெல்ஜியத்தில் இருக்கும் மெக்கலென் ஊர். அச்சாளர் காக்ஸ்டன் வெஸ்ட்மின்ஸ்டரில் வீரக்கதைகளையும் பக்தி நூல்களையும் அச்சிட்டுக்கொண்டிருந்தபோது, லண்டன் நகருக்குள் கடை போட்ட இந்த இருவரும் வக்கீல்களைக் குறிவைத்தார்கள். கணக்குச் சரியானது. நான்கு சங்கங்களும் ஒன்றுக்கொன்று பக்கத்தில். அங்கே தங்கியிருந்தவர்கள் எழுத்தறிவும் கையில் காசும் உள்ளவர்கள். எல்லோருக்கும் வேண்டியது ஒரே புத்தகம். பார்வைக்கு அந்தப் பதிப்பு கையெழுத்துப் படியைப் போலவே இருந்தது. சொற்களைப் பாதியில் வெட்டி மேலே கோடு போடும் எழுத்தர் வழக்கத்தை அச்சிலும் அப்படியே கொண்டுவந்திருந்தார்கள். தொழிலுக்குள் இருப்பவர் தவிர வேறு யார் எடுத்துப் பிரித்தாலும் ஒரு வரி நகராது.

அடுத்து வந்தவர் ரிச்சர்ட் பின்சன். பிறப்பால் நார்மண்டிக்காரர். 1490 வாக்கில் அவர் இந்தப் புத்தகத்தைக் கடலுக்கு அப்பால் ருவான் நகருக்கு அனுப்பி, கியோம் லெ தாலியர் என்பவரின் அச்சகத்தில் அடித்து வரவழைத்தார். பிரெஞ்சு அச்சுக்கோப்பவர்களுக்குத் தெரிந்த மொழியின் ஒரு திரிந்த வடிவம்தானே அது. பிறகு தன் சொந்த அச்சகத்திலும் திரும்பத் திரும்ப அடித்தார். அரசரின் அச்சாளர் என்ற பதவி வந்த பிறகும் சட்டப் புத்தகத்தை அவர் கைவிடவில்லை. நன்றாக விற்கும் சரக்குக்குப் போட்டி வராமல் இருக்குமா? ராபர்ட் ரெட்மன் என்பவர் அதே புத்தகங்களைப் போட்டு விற்க ஆரம்பித்தார். பின்சன் தன் 1525 பதிப்பிலேயே வாசகருக்கு லத்தீனில் ஒரு கடிதம் சேர்த்து, ஆயிரம் பேரில் இவனைப் போல் தொழில் தெரியாதவன் ஒருவன் கிடைக்க மாட்டான் என்று ரெட்மனைத் திட்டித் தீர்த்தார். பின்சன் இறந்ததும் அவருடைய கடையையே ரெட்மன் எடுத்துக்கொண்டார். செத்துப்போன நீதிபதியின் பாடப் புத்தகத்துக்கு இரண்டு கடைக்காரர்கள் இப்படி மோதிக்கொண்டார்கள் என்றால், அது எவ்வளவு விற்றிருக்கும் என்று பார்த்துக்கொள்ளலாம்.

அச்சு வந்ததும் சட்டம் எல்லோருக்கும் திறந்துவிட்டது என்று பொதுவாகச் சொல்லிவிடுகிறோம். இந்தப் புத்தகத்தின் முதல் நூறு வருஷத்தைப் பார்த்தால் அப்படித் தெரியவில்லை. அச்சு முதலில் பலப்படுத்தியது வக்கீல்களைத்தான். லண்டனில் ஒரு வழக்கறிஞரும் எங்கோ ஒரு மாவட்டத்தில் இன்னொரு வழக்கறிஞரும் ஒரே பக்கத்தைத் திறந்து, ஒரே வரியில் விரல் வைக்க முடிந்தது. ஆண்டேடுகளும் அச்சேறின. 1553இல் சட்டப் புத்தகங்களை அச்சிடும் தனியுரிமை பெற்ற ரிச்சர்ட் டாட்டல் அவற்றை மறுபடி மறுபடி ஒரே தாள் எண்ணில் வெளியிட்டார். எந்த அரசரின் எத்தனையாவது ஆண்டு, எந்தப் பருவம், எந்தத் தாள், எத்தனையாவது வழக்கு என்று சொன்னால் போதும். லிட்டில்டனின் பத்திகளும் எண் பெற்றன, மொத்தம் 749. பழைய தீர்ப்பு யாரோ மூத்தவரின் ஞாபகமாக இருந்த நிலை போய், எடுத்துக்காட்டக்கூடிய பக்கமாக மாறியது. முன்தீர்ப்பு நீதிபதியைக் கட்டுப்படுத்தும் என்று இன்று நம் நீதிமன்றங்கள் வரை ஊன்றி நிற்கும் வழக்கத்துக்கு இந்தப் பக்க எண் இல்லாமல் பலம் வந்திருக்காது என்பது என் எண்ணம். ஆனால் அந்தப் பலன் எல்லாம் வாசலுக்கு உள்ளே இருந்தவர்களுக்கு.

வாசலைத் தட்டிப் பார்த்தவர் ஜான் ராஸ்டல். வழக்கறிஞர், அச்சாளர், தாமஸ் மோரின் தங்கையை மணந்தவர். தன்னை ஆளும் சட்டம் குடிமகனுக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்று மனதார நம்பியவர். நாடாளுமன்றச் சட்டங்களின் சுருக்கத்தை 1519இல் ஆங்கிலத்தில் போட்டார். சில வருஷம் கழித்து, சட்டப் பிரெஞ்சுச் சொற்களுக்குப் பொருள் சொல்லும் சிறு அகராதி ஒன்றை வெளியிட்டார். ‘டெர்ம்ஸ் ஆஃப் தி லா’ என்ற பெயரில் அது தலைமுறைகளுக்கு ஓடியது. லிட்டில்டனும் 1520களில் அவர் அச்சகத்திலிருந்து ஆங்கிலத்தில் வந்தார். அச்சு யந்திரம் வந்து நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. கதவைத் திறந்தது மொழிபெயர்த்தவரின் கை.

தொழிலுக்குள் இருந்தவர்களுக்கு இது உவப்பாக இல்லை. எட்வர்ட் குக் அவர்களில் தலையாயவர். தன் வழக்குத் தொகுதிகளை அவர் சட்டப் பிரெஞ்சிலேயே வெளியிட்டார். படிப்பில்லாதவர்கள் சரியான புரிதல் இன்றி வாசித்துவிட்டு, தப்பர்த்தம் செய்துகொண்டு தங்களுக்கே கேடு தேடிக்கொள்வார்கள் என்று 1602இல் அதற்குக் காரணமும் சொன்னார். பிறகு அவர் வாழ்க்கை திரும்பியது. தலைமை நீதிபதியாக இருந்தவரை அரசர் முதலாம் ஜேம்ஸ் 1616இல் பதவியிலிருந்து நீக்கினார். நாடாளுமன்றத்தில் பேசியதற்காக 1621 கடைசியில் லண்டன் கோபுரத்தில் அடைத்தார். 1628இல், எழுபத்தாறு வயதில், குடிமக்களின் உரிமைகளைக் கேட்கும் மனுவுக்காக நாடாளுமன்றத்தில் போராடினார். அதே வருஷம் லிட்டில்டனின் புத்தகத்துக்கு அவர் எழுதிய பேருரை வெளிவந்தது. இந்த முறை ஆங்கிலத்தில்.

அந்தப் பேருரையின் பக்கத்தைத் திறந்தால், லிட்டில்டனின் பிரெஞ்சு வரிகள் ஒரு பத்தியில், ஆங்கிலம் அதன் அருகே இன்னொரு பத்தியில். சுற்றிலும் பொடி எழுத்தில் குக்கின் உரை. ஓரத்தில் மேற்கோள்கள். சில பக்கங்களில் மூலம் இரண்டு மூன்று வரிதான், மிச்சமெல்லாம் உரை. மூலநூலை உரைக்குள் வைத்துப் படித்துப் பழகிய நமக்கு அந்தப் பக்க அமைப்பு அந்நியமாகத் தோன்றாது. முதல் அச்சு ருவானில் வந்தது என்றே குக் நினைத்தார், அதுவும் 1530களில் என்று. லெட்டூவும் மக்லினியாவும் லண்டனிலேயே அடித்த பதிப்பு அவர் கண்ணில் படவில்லை. 1602இல் ஆங்கிலம் ஆபத்து என்றவர் 1628இல் ஆங்கிலத்தில் எழுதியதற்கு, தானே அரசரின் கையில் அடி வாங்கியது ஒரு காரணமாக இருந்திருக்கும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. ஆட்சியில் இருந்தவர்கள் ஆங்கிலத்தில் வந்த சட்டத்தின் பலத்தைப் புரிந்துகொண்டார்கள். 1634இல் குக் மரணப்படுக்கையில் கிடந்தபோது ஆட்கள் வந்து அவர் கைப்பிரதிகளை அள்ளிக்கொண்டு போனார்கள். அரசரையும் கட்டுப்படுத்தும் பழைய சாசனமான மாக்னா கார்ட்டாவுக்கு அவர் எழுதிய உரை நாடாளுமன்றத்தின் உத்தரவால் 1642இல்தான் அச்சேறியது.

1649 அக்டோபர். லண்டன் கில்ட்ஹாலில் தேசத்துரோக வழக்கு. அரசர் முதலாம் சார்லஸின் தலையை வெட்டி அந்த வருஷம் இன்னும் முடியவில்லை. குற்றவாளிக் கூண்டில் ஜான் லில்பர்ன். இளமையில் துணி வியாபாரியிடம் வேலை பழகியவர். தடைசெய்த புத்தகங்களைக் கொண்டுவந்ததற்காக 1638இல் சாட்டையடி பட்டவர். இப்போது புதிய குடியரசைத் தாக்கித் துண்டுப் பிரசுரம் எழுதியதற்காக உயிர் ஊசலாடுகிறது. தனக்காகப் பேச வழக்கறிஞர் வேண்டும் என்று கேட்டார், மறுத்துவிட்டார்கள். சட்டப் பிரெஞ்சு அவருக்குத் தெரியாது. கையில் குக்கின் புத்தகங்கள் இருந்தன.

அவற்றில் லிட்டில்டன் உரையைத் திறந்து, சாட்சியும் நடப்பும் மட்டுமல்ல, சட்டம் என்ன என்பதையும் ஜூரிகளே தீர்மானிக்கலாம் என்று வாதிட்டார். நீதிபதிகள் கொதித்துப் போனார்கள். சட்டத்தைச் சொல்வது தங்கள் வேலை என்றார்கள். லில்பர்ன் பின்வாங்காமல் பக்கத்தை வாசித்தார். அவர் ஆதாரமாகப் பிடித்துக்கொண்ட இடம், நிபந்தனையோடு கைமாறும் நிலங்களைப் பற்றிய அத்தியாயத்தில் வருகிறது. நிலத்திலிருந்து தான் துரத்தப்பட்டதாக ஒருவர் வழக்குப் போட்டால், ஜூரிகள் நடந்ததை மட்டும் சொல்லிவிட்டுச் சட்டத்தை நீதிபதியிடம் விடலாம். சட்டமும் தெரியும் என்று துணிந்தால் ஒரேயடியாகத் தீர்ப்பும் சொல்லிவிடலாம் என்று லிட்டில்டன் மகனுக்குச் சொல்லிக்கொடுத்த பாடம் அது. வயல் தகராறுக்காக எழுதிய வரி, நூற்றெழுபது வருஷம் அச்சில் பயணம் செய்து, தூக்குமரத்துக்கும் ஒரு மனிதனுக்கும் நடுவில் வந்து நின்றது.

ஜூரிகள் சாதாரண லண்டன்வாசிகள். உள்ளே போய் ஒரு மணி நேரம் போல் பேசிவிட்டுத் திரும்பி வந்து, குற்றவாளி இல்லை என்றார்கள். கூட்டம் போட்ட கூச்சல் அரை மணி நேரம் ஓயவில்லை என்று வழக்கு அறிக்கை சொல்கிறது. நண்பர்கள் ஒரு பதக்கம் வார்த்தார்கள். அதன் ஒரு பக்கத்தில் லில்பர்னின் முகம். மறுபக்கத்தில் பன்னிரண்டு ஜூரிகளின் பெயர்கள்.

மறு வருஷமே, 1650 நவம்பரில், சட்டப் புத்தகங்களும் நீதிமன்ற நடவடிக்கைகளும் ஆங்கிலத்தில் இருக்க வேண்டும் என்று நாடாளுமன்றம் சட்டம் செய்தது. 1660இல் முடியாட்சி திரும்பியதும் அது போயிற்று. பிறகு 1731இல் போட்ட சட்டம் 1733இல் நடைமுறைக்கு வந்துதான் பிரெஞ்சும் லத்தீனும் நீதிமன்றத்தை விட்டு வெளியேறின. அன்று மக்களின் மொழி என்று போராடி உள்ளே நுழைந்த அதே ஆங்கிலம்தான் இன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மொழி. தமிழும் அங்கே வழக்காடு மொழியாக வேண்டும் என்று 2006இல் தமிழ்நாடு சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றியது. தன் வழக்கில் என்ன பேசினார்கள் என்று வெளியே வந்து வக்கீல் குமாஸ்தாவைக் கேட்கும் மனிதரைப் பார்க்கும்போதெல்லாம் ராஸ்டலின் நினைவு வருகிறது.

லிட்டில்டனின் புத்தகம் லில்பர்ன் வழக்குக்கு முன்பே அட்லாண்டிக்கையும் தாண்டியிருந்தது. 1647இல் மாசசூசெட்ஸ் குடியேற்றத்தின் பொதுமன்றம், சட்டம் செய்வதற்கு வெளிச்சம் வேண்டும் என்று ஆறு புத்தகங்களை இரண்டிரண்டு பிரதி வாங்க உத்தரவிட்டது. அந்த ஆறில் குக்கின் லிட்டில்டன் உரை ஒன்று, மாக்னா கார்ட்டா உரை ஒன்று, ராஸ்டல் தொடங்கிவைத்த அந்தச் சொல் அகராதி ஒன்று. மறு வருஷம் தங்கள் சட்டங்களையே அவர்கள் புத்தகமாகத் தொகுத்து 600 பிரதி அச்சிட்டார்கள், ஊரார் வாங்கிப் படிக்கட்டும் என்று.

அதே மாசசூசெட்ஸில், மார்பிள்ஹெட் ஊரில், 1700களின் கடைசியில் ஜோசப் ஸ்டோரி என்ற இளைஞர் சட்டம் படிக்க உட்கார்ந்தார். இங்கிலாந்துச் சட்ட அறிஞர் பிளாக்ஸ்டனின் தெளிவான ஆங்கில நூல் சுகமாக ஓடியது. அடுத்து குக்கின் லிட்டில்டனை எடுத்தார். நாள் முழுக்க முயன்றும் பிடிபடாமல், தேம்பி அழுதுவிட்டதாகவும் கண்ணீர் பக்கத்தில் விழுந்து கறைபட்டதாகவும் அவரே எழுதியிருக்கிறார். விடாமல் மறுபடி மறுபடி படித்தார். மெல்ல மெல்லப் பொருள் விளங்க ஆரம்பித்தது. 1811இல் அவர் அமெரிக்க உச்ச நீதிமன்ற நீதிபதியானார்.