மேக்ஸ் வால்

மேக்ஸ் வால் (1908–1990): ஆங்கிலேய ‘வெரைட்டி’ (பல்சுவை) மேடைக் கலைஞர், நடிகர். இயற்பெயர் மேக்ஸ்வெல் ஜார்ஜ் லோரிமர். லண்டன் பிரிக்ஸ்டனில் மேடைக் கலைஞர்களின் மகனாகப் பிறந்து, நடனக்காரராகத் தொடங்கினார். அவருக்கு அழியாப் புகழ் தந்தது ‘பேராசிரியர் வாலாஃப்ஸ்கி’ வேடம். உடலை இறுக்கிய கறுப்புக் காலுடை, குட்டைச் சட்டை, பெரிய பூட்ஸ், தொங்கும் தலைமுடி. பின்புறத்தைத் தள்ளிக்கொண்டு மேடையை வளைய வரும் அந்த நடையிலேயே அரங்கம் சிரித்துவிடும். நகைச்சுவை நடிகர் ஜான் கிளீஸ் போன்ற அடுத்த தலைமுறையினர் அவரிடம் நிறையக் கற்றார்கள்.

1950களில் மணமுறிவை ஒட்டிப் பத்திரிகைகள் தூற்ற, வாய்ப்புகள் வற்றின. 1966இல் லண்டன் ராயல் கோர்ட் அரங்கில் பிரெஞ்சு நாடகாசிரியர் ஜாரியின் ‘உபு’ நாடகம் அவரை மீட்டது. பிறகு நாடகாசிரியர்கள் ஆஸ்போர்ன், பெக்கெட் ஆகியோரின் நாடகங்களில் நடித்தார். உடல்மொழியே மூலதனமான கலைஞருக்குப் பெக்கெட்டின் மௌனங்கள் இயல்பாகப் பொருந்தின. 1990 மே மாதம், லண்டன் உணவகமொன்றில் தவறி விழுந்ததைத் தொடர்ந்து காலமானார்.