பிரகாஷ் ராஜ் வெறும் வில்லனா? விருதுக் கணக்கு என்ன சொல்கிறது?

பிரகாஷ் ராஜ் என்றதும் உங்களுக்கு 'கில்லி' முத்துப்பாண்டிதானே ஞாபகம் வரும்? ஆனால் நடிப்புக்கு அவர் வாங்கிய இரண்டு பெரிய தேசிய விருதுகளுமே வில்லன் வேடத்துக்கு இல்லை.

எங்கே தொடங்கினார்?
1965-ல் பெங்களூருவில் பிறந்தவர். ஒக்கலிபுரத்திலிருந்து சில கிலோமீட்டர் தள்ளியிருக்கும் ரவீந்திர கலாக்ஷேத்ராதான் அவருக்கு நாடக மேடை. அப்புறம் தூர்தர்ஷன் கன்னடத் தொடர்கள், சின்னச் சின்ன சினிமா வேடங்கள்.

தமிழுக்கு எப்படி வந்தார்?
கன்னடப் படத்தில் உடன் நடித்த கீதா, கே.பாலசந்தரிடம் அறிமுகப்படுத்தினார். 1994-ல் 'டூயட்'. 'பிரகாஷ் ராய்', பிரகாஷ் ராஜ் ஆனார்.

விருதுகள் எதற்கு?
- 'இருவர்' (1997): சிறந்த துணை நடிகர். கலைஞர் கருணாநிதியை நினைவூட்டும் தமிழ்ச்செல்வன் வேடம்.
- 'அந்தப்புரம்' (1998, தெலுங்கு): சிறப்புக் குறிப்பு. இது மட்டும் கொடூரமான அப்பா வேடம்.
- 'தயா' (2002): சிறப்பு ஜூரி விருது.
- 'காஞ்சிவரம்': சிறந்த நடிகர். மகளின் கல்யாணப் பட்டுப்புடவைக்காக நூல் திருடும் நெசவாளி.

வில்லன் வேடங்கள் வீணா?
இல்லை. தெலுங்கிலும் 'வான்டட்' (2009), 'சிங்கம்' (2011) மூலம் இந்தியிலும் அவரைப் பரவலாகக் கொண்டுபோனவை அவைதான். இன்னொரு பக்கம், முதல் தமிழ்ப் படத்தின் பெயரிலேயே டூயட் மூவீஸ் தொடங்கி, 'மொழி' (2007), 'அபியும் நானும்' (2008) தயாரித்தார். 2013-ல் விஜய் டிவியின் 'நீங்களும் வெல்லலாம் ஒரு கோடி' நிகழ்ச்சியையும் நடத்தினார்.

நீங்கள் கவனிக்க வேண்டியது
குணச்சித்திர நடிகருக்குப் படம் ஓடுவதற்கான பாரம் முழுசா இல்லை. அதனால் பல மொழி, பல வேடம் சாத்தியம். விலை, மக்கள் ஒரே வேடத்தை மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்வது. அடுத்த முறை 'கில்லி' பார்த்தால், கூடவே 'காஞ்சிவரம்' பாருங்க.