சரக்கோடு சரக்காக

மாமல்லபுரம் போகிறவர்களில் பெரும்பாலோர் கடற்கரைக் கோயிலைப் பார்த்து, சுண்டல் சாப்பிட்டுவிட்டு சென்னைக்குத் திரும்பிவிடுகிறார்கள். அடுத்த முறை இன்னும் கொஞ்சம் தெற்கே போங்கள். கல்பாக்கத்தை ஒட்டி, கடலைப் பார்த்தபடி, செங்கல்லில் டச்சுக்காரர்கள் கட்டிய கோட்டை நிற்கிறது. சதுரங்கப்பட்டினம். வெள்ளைக்காரன் வாயில் 'சத்ராஸ்'.

கோட்டை என்றதும் ராஜா, அந்தப்புரம் என்று கற்பனை பண்ணாதீர்கள். இது வியாபாரக் கோட்டை. உள்ளே கிடங்குகள், ஒரு பக்கம் கல்லறைகள். இந்தப் பகுதியில் நெய்த மெல்லிய துணிகள் இங்கிருந்துதான் கப்பலேறின. ஒவ்வொரு மூட்டைக்கும் கணக்கு உண்டு.

மூட்டை மட்டும் ஏறவில்லை. 17-ஆம் நூற்றாண்டின் பஞ்ச காலங்களில் சோழமண்டலக் கரைத் துறைமுகங்களிலிருந்து ஆயிரக்கணக்கான ஏழைகளை டச்சுக் கம்பெனி அடிமைகளாக வாங்கி இலங்கைக்கும் பத்தாவியாவுக்கும் அனுப்பியது. கணக்குப் புத்தகத்தில் அவர்களும் சரக்குதான்.

1780-ல் இங்கிலாந்துக்கும் ஹாலந்துக்கும் போர் மூண்டது. மறு ஆண்டு சதுரங்கப்பட்டினம் ஆங்கிலேயர் கைக்குப் போனது. அதே 1781-ல், அதே போரில், ஆப்பிரிக்கக் கரையோரம் ஒரு டச்சு அடிமைக் கப்பலையும் ஆங்கிலேயர் பிடித்தார்கள். அதன் பெயர் 'ஸோர்க்'. டச்சு மொழியில் 'அக்கறை' என்று அர்த்தம்! பிடித்தவர்கள் அதை 'ஸோங்' ஆக்கினார்கள். ஜமைக்காவுக்குப் போகும் வழியில், குடிதண்ணீர் போதாது என்று சொல்லி, நூற்று இருபதுக்கும் மேற்பட்ட அடிமைகளை உயிரோடு கடலில் தள்ளினார்கள். கப்பல் முதலாளிகள் என்ன செய்தார்கள் தெரியுமா? தலைக்கு 30 பவுன் என்று இன்ஷூரன்ஸ் கேட்டார்கள். 1783-ல் லண்டன் ஜூரி 'கொடுக்கலாம்' என்றது. தலைமை நீதிபதி மான்ஸ்ஃபீல்டு பிரபு மறுவிசாரணைக்கு உத்தரவிட்டார். ஆனால் கொலைக் குற்றத்துக்காக ஒருவர்கூடத் தண்டிக்கப்படவில்லை.

இந்தப் பழைய பாவக் கதை இப்போது எதற்கு? காரணம் இருக்கிறது. சரக்கு ஏற்றும் வண்டியில் மனிதன் செத்தால் யார் பணம் தருவது என்ற கேள்வி நம் கோர்ட்டுகளை இன்றும் விடவில்லை. அன்று மனிதனைச் சரக்கு என்று சொல்லிப் பணம் கேட்டார்கள். இன்று, 'நீ சரக்கும் இல்லை, சரக்குக்குச் சொந்தக்காரனும் இல்லை' என்று சொல்லிப் பணம் மறுக்கிறார்கள்.

ஒரு கற்பனை. சதுரங்கப்பட்டினத்திலிருந்து செங்கல்பட்டுக்கு ஒரு லோடு வண்டி போகிறது. டிரைவர் பக்கத்தில் மீன் கூடையோடு ஒரு அம்மா. பின்னால் வண்டி முதலாளியிடம் வேலை பார்க்கும் லோடுமேன். அவன் பக்கத்தில், 'ஆஸ்பத்திரி வரைக்கும் இறக்கிவிடுப்பா' என்று ஏறிக்கொண்ட அக்கா. வண்டி கவிழ்கிறது. மூவரும் போய்விடுகிறார்கள். ரோட்டோரம் நடந்து போன பெரியவரும் வண்டிக்கடியில் சிக்கி இறக்கிறார்.

நாலு சாவு. வண்டிக்கு இன்ஷூரன்ஸ் இருக்கிறது. பெரியவர் குடும்பத்துக்குக் கம்பெனி பணம் தரும். லோடுமேனுக்குத் தொழிலாளர் என்ற முறையில் இழப்பீடு கிடைக்கும். மீன்கார அம்மாவுக்கும் உண்டு, சரக்கின் சொந்தக்காரர் என்பதால். அந்த அக்காவுக்கு? கம்பெனிக்குப் பொறுப்பே கிடையாது!

இது எப்படி வந்தது? பிரிட்டன் 1930-ல் ஒரு சட்டம் போட்டு வாகன இன்ஷூரன்ஸைக் கட்டாயமாக்கியது. ரோட்டில் போகிற மூன்றாம் மனிதரைக் காப்பதுதான் நோக்கம். உள்ளே உட்கார்ந்திருப்பவர்களில் கட்டணப் பயணிக்கும் வேலைக்காரருக்கும் மட்டும்தான் கட்டாயப் பாதுகாப்பு. நம் 1939-ஆம் வருட மோட்டார் வாகனச் சட்டம் அதை அப்படியே எடுத்துக்கொண்டது. இன்ஷூரன்ஸ் பகுதி அமலுக்கு வந்தது 1946 ஜூலையில். இதில் வேடிக்கை, பிரிட்டனே 1971-ல் தனிச் சட்டம் போட்டு எல்லாப் பயணிகளுக்கும் இன்ஷூரன்ஸைக் கட்டாயமாக்கிவிட்டது. கொடுத்தவன் மாற்றிக்கொண்டான், வாங்கின நாம் வைத்துக்கொண்டிருக்கிறோம்.

நம் ஊரில் 1989 ஜூலையில் புதுச் சட்டம் வந்தது. அதில் 147-ஆவது பிரிவு 'எந்த நபருக்கும்' என்றது. 1994 நவம்பரில் ஒரு திருத்தம்: 'சரக்கின் சொந்தக்காரர் அல்லது அவருடைய பிரதிநிதி உட்பட'. இந்த வார்த்தைகளை வைத்துத்தான் அத்தனை சண்டையும்.

1999 டிசம்பரில், சத்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தாராளமாகத் தீர்ப்பு சொன்னது: 'எந்த நபரும்' என்றால் எந்த நபரும்தான், ஓசியில் ஏறியவரும் அதில் அடக்கம். மூன்றே வருஷம். 2002 டிசம்பரில், ஆஷா ராணி வழக்கில் மூன்று நீதிபதிகள் அதை ரத்து செய்தார்கள். சரக்குக்காரரையே 1994-ல்தான் சேர்க்க வேண்டியிருந்தது என்றால், அதற்கு முன் லாரியில் ஏறிய எவருக்கும் பாதுகாப்பு இல்லை என்றுதானே அர்த்தம் என்பது அவர்கள் வாதம். 2004 ஜனவரியில், பல்ஜித் கவுர் வழக்கில் இன்னும் தெளிவாக்கினார்கள்: 1994 திருத்தத்துக்குப் பிறகும் சரக்கு வண்டியில் ஏறிய சும்மாப் பயணிக்குக் கம்பெனி பொறுப்பில்லை. 2007-ல் வந்த ஒரு தீர்ப்பு, சரக்குக்காரரும் டிரைவர் கேபினில் உட்கார்ந்து வந்திருக்க வேண்டும் என்றது. நம் மீன்கார அம்மா கூடைக்குக் காவலாகப் பின்னால் ஏறியிருந்தால் அவர் கதையும் சிக்கல்தான்!

கம்பெனிகள் பக்கமும் ஒரு நியாயம் உண்டு. சரக்கு வண்டிக்கான பிரீமியம் ஆட்களை ஏற்றுவதற்காக வாங்கியதல்ல. வாங்காத பிரீமியத்துக்கு எப்படிப் பணம் தருவது என்கிறார்கள். சரி, வண்டிக்காரர் தரட்டும். கோர்ட்டும் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் கடன் வாங்கி ஒரே ஒரு வண்டி ஓட்டுகிறவரிடம் பத்து லட்சத்துக்குத் தீர்ப்பு இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன? பிரேம் போட்டு மாட்டிக்கொள்ளலாம்.

நீதிபதிகளுக்கும் இது உறுத்தியிருக்கிறது. பல்ஜித் கவுர் வழக்கிலேயே, 'முதலில் கம்பெனி கொடுக்கட்டும், பிறகு வண்டிக்காரரிடம் வசூலித்துக்கொள்ளட்டும்' என்று உத்தரவிட்டார்கள். 2017-லும் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் இதையே செய்தது. நல்ல வழிதான். ஆனால் அது நீதிமன்றத்தின் கருணை, செத்தவர் குடும்பத்தின் உரிமை அல்ல. 2022 ஏப்ரலில் அமலுக்கு வந்த புதிய இன்ஷூரன்ஸ் அத்தியாயத்திலும் 'சரக்கின் சொந்தக்காரர் அல்லது அவருடைய பிரதிநிதி' என்ற வாசகம் அப்படியே உட்கார்ந்திருக்கிறது.

லோடு வண்டியில் ஏறாதீர்கள் என்று உங்களுக்குச் சொல்வது சுலபம். கடைசி பஸ் போய்விட்ட ஊரில், ராத்திரி ஒன்பது மணிக்கு, கையில் ஜுரக் குழந்தையோடு நிற்கிற பெண்ணிடம் சொல்லிப் பாருங்கள். அவள் ஏறத்தான் செய்வாள். அவளை ஏற்றிக்கொள்கிற டிரைவரும் கெட்டவன் இல்லை. இரண்டு பேருமே 147-ஆவது பிரிவைப் படித்ததில்லை.

சதுரங்கப்பட்டினம் கிடங்குகளில் ஒரு காலத்தில் மனிதர்களைவிட மூட்டைக்கு மதிப்பு அதிகம். அந்தக் கணக்குப் புத்தகத்தை நாம் எப்போதோ மூடிவிட்டோம் என்றுதான் நினைத்துக்கொண்டிருக்கிறோம். லோடு வண்டியில் ஏறிச் செத்தவரின் குடும்பத்திடம் சட்டம் இன்றும் முதலில் கேட்பது, 'சரக்கு உங்களுதா?' என்பதைத்தான்.