பேராதனை கண்ட வட்டக்களரி

கூத்தைப் படியாதவரின் பொழுதுபோக்கென எம்மவரே ஒதுக்கிய காலமொன்றிருந்தது. விடிய விடிய வட்டக்களரியில் ஆடியோர் கமக்காரரும் கடற்றொழிலாளருமே. அவர்களை ஆட்டுவித்த அண்ணாவியாரோ, ஒரு கூத்தின் பாடல்களையும் தாளக்கட்டுகளையும் நெஞ்சிலே தாங்கியிருந்தும் கற்றோர் வரிசையில் எண்ணப்பட்டாரில்லை. ஆங்கிலக் கல்வி தந்த கண்ணாடிக்கு அவர் தெரியவில்லை போலும்!

1956 இல் எதிரிவீர சரச்சந்திர, சிங்கள நாடகம மரபைத் தழுவி 'மனமே' நாடகத்தைப் பேராதனை மாணவரைக் கொண்டு ஆக்கினார். அந்த நாடகமவுக்கும் தமிழ்க் கூத்துக்கும் உறவுண்டு. அவ்வாறிருக்க, தமிழர் தம் கூத்தைக் கைவிடலாமோ? இவ்வினாவைச் செயலால் எதிர்கொண்டவர் அங்கேயே தமிழ் கற்பித்த சு. வித்தியானந்தன். கலைக் கழகத் தமிழ் நாடகக் குழுவின் தலைவராகவும் விளங்கிய அவர் ஊரூராகச் சென்று கூத்துகளைக் கண்டார். அண்ணாவிமாரை ஒன்றுகூட்டிப் பாராட்டினார். ஏட்டிலிருந்த 'அலங்கார ரூபன் நாடகம்' 1962 இலும், மன்னாரின் 'மூவிராசாக்கள் நாடகம்' 1966 இலும் அவரது பதிப்பாக அச்சேறின.

எனினும் பதிப்பினும் பெரிதென நாம் கருதுவது வேறொன்று. மட்டக்களப்பு அண்ணாவியார் பல்கலைக் கழக மாணவருக்கு ஆசானாயினார். பட்டப்படிப்புக்கு வந்த பிள்ளைகள் மத்தளத்தின் சொல்லுக்குக் கால்வைக்கப் பழகினர். 'கர்ணன் போர்' (1962), 'நொண்டி நாடகம்' (1963), 'இராவணேசன்' என அடுத்தடுத்து மேடையேறின. இறுதியிற் கூறியதன் எழுத்துரு, அந்நாளில் மாணவராயிருந்த மட்டக்களப்பைச் சேர்ந்த சி. மௌனகுருவினுடையது. தம் ஊர்க் கூத்தை நகரத்தார் காசுகொடுத்துப் பார்ப்பதைக் கண்ட கிராமத்தவர் நிமிர்ந்தனர்.

இதற்கு விலையுமுண்டு. இரவு முழுதும் ஆடியது ஏறத்தாழ ஒன்றரை மணி நேரத்துக்குள் ஒடுங்கிற்று. நாற்புறமுமிருந்து பார்த்த சபை ஒருபுறம் அமர்ந்தது. படச்சட்ட மேடைக்கேற்ப ஆட்டமும் திரும்பிற்று. எதைக் கழிப்பது, எதை வைப்பது என்று தீர்மானித்தவர் பெரும்பாலும் பல்கலைக் கழகத்தாரே. நகரத்தாரின் கண்களைத் திறக்க அச்சுருக்கம் வேண்டியிருந்தது என்போம். ஆயினும் களரிக்குரிய ஊரவரின் சொல் அதிலே குறைந்துபோயிற்று.

வந்தாறுமூலையிற் பின்னர் எழுந்த கிழக்குப் பல்கலைக் கழகத்தைச் சேர்ந்த சி. ஜெயசங்கர், இந்நூற்றாண்டின் தொடக்கத்திற் சீலாமுனைக் கிராமத்தவரோடு 'கூத்து மீளுருவாக்கம்' என்னும் முயற்சியிலிறங்கினார். பழைய கூத்திலே பெண்ணும் சாதியும் காட்டப்பட்ட விதம் தகுமா என்ற விவாதம் அங்கே கூத்தருக்கும் ஊரவருக்குமிடையே நிகழ்ந்தது. பாட்டை மாற்றியவர்களும் அவர்களே. ஆடியதும் அவர்களுடைய களரியிலேதான்.