தகுதிகாண் பருவத்தில் பணிநீக்கம்

தகுதிகாண் பருவத்தில் பணிநீக்கம் என்பது, பணி நிரந்தரம் செய்யப்படாத ஊழியரை விடுவித்தல் ஆகும். இந்திய அரசுப் பணியில், திறமைக் குறைவு காரணமாக இவ்வாறு விசாரணையின்றி விடுவிக்கலாம். தண்டனையாக நீக்குவதாயின், அரசியலமைப்பின் 311(2) ஆம் பிரிவின்படி குற்றச்சாட்டைத் தெரிவித்து, விளக்கமளிக்க வாய்ப்புத் தரவேண்டும்.

ஆணையின் சொற்கள் மட்டுமே இதனை முடிவு செய்வதில்லை. ஐதராபாத் காவல் அகாதமியில் பயின்ற இந்தியக் காவல் பணி அலுவலர் அனூப் ஜைஸ்வால், காலை உடற்பயிற்சிக்குத் தாமதமாக வந்த நிகழ்வை அடுத்து, 1981 இல் விடுவிக்கப்பட்டார். ஆணையில் குற்றம் எதுவும் கூறப்படவில்லை. எனினும் பின்னணியை ஆராய்ந்த உச்ச நீதிமன்றம், அது தண்டனையே எனக் கண்டு, 1984 இல் அவரை மீண்டும் பணியில் சேர்க்க ஆணையிட்டது.

தனியார் பணிக்கு 311 ஆம் பிரிவு பொருந்தாது. தமிழ்நாட்டில், புளியங்குடி போன்ற ஊரின் கடை ஊழியருக்கும், 1947 ஆம் ஆண்டின் கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தின் 41 ஆம் பிரிவு உண்டு. ஆறு மாதம் தொடர்ந்து பணியாற்றியவரைத் தக்க காரணமும், ஒரு மாத முன்னறிவிப்பு அல்லது அதற்கீடான ஊதியமும் இன்றி நீக்க இயலாது. விசாரணையில் நிறுவப்பட்ட ஒழுங்கீனத்துக்கு மட்டும் முன்னறிவிப்பு தேவையில்லை.