ராபன் தீவு: சிறைமண்ணில் எழுந்த மார்க்கக் கல்வி

தென்னாப்பிரிக்காவின் கேப் டவுன் நகரை ஒட்டி டேபிள் விரிகுடா அமைந்துள்ளது. மேசையைப் போன்று தட்டையான உச்சியுடைய மலையொன்று நகரின் பின்னே நிற்பதால் விரிகுடாவுக்கும் அப்பெயரே வழங்கலாயிற்று. அதன் வாயிலில் கிடக்கும் சிறு நிலத்திட்டே ராபன் தீவு. நீளம் ஏறத்தாழ 3.3 கிலோமீட்டர், அகலம் 2 கிலோமீட்டருக்கும் சற்றுக் குறைவு. அதன் மிக உயர்ந்த மேடுகூடக் கடல்மட்டத்திலிருந்து 30 மீட்டரை எட்டுவதில்லை.

அண்மைக் கரைக்கும் தீவுக்கும் இடையே சுமார் 7 கிலோமீட்டர் கடல். பெங்குவெலா என்னும் குளிர்நீரோட்டம் பாயும் கடற்பகுதி அது. கோடையிலும் நீர் உடலை விறைக்கச் செய்யும். கரையோரப் பாறைகளில் மோதிச் சிதைந்த கப்பல்கள் பல. 1865-இல்தான் அங்குக் கலங்கரை விளக்கம் எழுந்தது. தீவில் நிற்பவருக்கு மலையும் நகரும் கண்ணெதிரே தெரியும். ஆயினும் அங்குச் சென்றடைதல் அரிது. ஆள்வோர் இத்தீவைச் சிறையாகத் தேர்ந்தமைக்கு இவ்வமைப்பே காரணம்.

டச்சு மொழியில் 'ராபன்' என்றால் கடல்நாய்கள். 1652-இல் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி கேப்பில் குடியேற்றம் அமைத்தது. சில ஆண்டுகளுக்குள்ளாகவே, மண்ணின் மைந்தர்களான கோய்கோய் மக்களின் தலைவர் ஆட்ஷுமாவோ இத்தீவில் அடைக்கப்பட்டார். ஓட்டைப் படகொன்றில் ஏறித் தப்பியவர் அவர்.

அக்காலத்தில் பத்தாவியா, இலங்கையின் கரையோரம், நம் நாகப்பட்டினம் ஆகியனவும் அதே கம்பெனியின் பிடியில் இருந்தன. ஓரிடத்தில் எதிர்த்தவரை வேறொரு கடற்கரைக்கு நாடுகடத்துவது அதன் வழக்கம். மக்காஸரின் ஷெய்கு யூசுஃப் (ரஹ்) 1684-இல் இலங்கைக்கும், அங்கிருந்து 1694-இல் கேப்புக்கும் அனுப்பப்பட்டது இவ்வாறே. அவர் கேப்பின் நிலப்பரப்பிலேயே குடியமர்த்தப்பட்டார். பின்வந்தோர் சிலருக்கு வாய்த்தது ராபன் தீவு.

அவர்களுள் ஒருவர் ஸையித் அப்துர் ரஹ்மான் மத்தூரா (ரஹ்). ஜாவாவை அடுத்துள்ள மதுரா தீவின் அரச குலத்தவர் என்று கூறப்படுகிறார். 1740-களில் கொண்டுவரப்பட்டு 1754-இல் தீவிலேயே மறைந்தார். அவர் நினைவாக 1969-இல் கட்டப்பட்ட, பச்சைக் குவிமாடமுடைய சிறு அடக்கத்தலம் இன்றும் சிறைக்கட்டடத்தின் அருகே நிற்கிறது. கேப் முஸ்லிம்கள் இத்தகைய இடங்களைக் 'கராமத்' என்பர்.

1780-இல் திதோர் தீவிலிருந்து அரசியல் கைதியாக வந்தவர் இமாம் அப்துல்லாஹ் இப்னு காழி அப்துஸ் ஸலாம் (ரஹ்). ஆங்கிலேயருடன் கூடிச் சதி செய்தார் என்பது டச்சுக்காரர் சுமத்திய குற்றம். மக்கள் அவரைத் 'துவான் குரு' என்று அழைத்தனர். அதிலுள்ள குரு, நாம் அறிந்த குருவேதான். தீவை அடைந்தபோது அவர் அறுபது வயதைக் கடந்த முதியவர். நெஞ்சில் மனனமாக இருந்த திருக்குர்ஆனை அங்கே தம் கைப்பட எழுதினார் என்பது கேப் முஸ்லிம்களின் மரபு. 1781-இல் ஈமானையும் இஸ்லாத்தையும் விளக்கும் பெருநூலொன்றையும், அறுநூறு பக்கங்களுக்கு மேல், அரபியிலும் அரபு எழுத்தில் அமைந்த மலாய் மொழியிலும் எழுதி முடித்தார்.

விடுதலைக்குப் பின், 1793-இல், கேப் டவுனின் டார்ப் தெருவில் மதரஸா தொடங்கினார். அடிமைகளும், அடிமைத்தளையிலிருந்து மீண்டோரும் அங்கே ஓதினர். அக்காலத்தில் இஸ்லாத்தை வெளிப்படையாகப் பின்பற்ற அனுமதி இல்லை. சமயச் சுதந்திரம் சட்டமானது 1804-இல்தான். அதற்கு முன்பே அத்தெருவில் அவ்வல் பள்ளிவாசல் உருவாகிவிட்டது. அதற்கான இடம் கோரிடான் என்பவரின் குடும்பச் சொத்து. அவர் இலங்கையிலிருந்து அடிமையாகக் கொண்டுவரப்பட்டு, பின் விடுதலை பெற்றவர். துவான் குருவைச் சிறையிட்ட கம்பெனி 1799-இன் முடிவில் கலைந்துபோயிற்று. அவரோ 1807 வரை கற்பித்துவந்தார். அவர் கையெழுத்திலான திருக்குர்ஆன் அப்பள்ளியில் இன்றும் பாதுகாக்கப்படுகிறது.

அங்கே வேரூன்றியது, காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் வழங்கும் அதே ஷாஃபிஈ மத்ஹப். மலாய் மொழி மங்கி ஆஃப்ரிகான்ஸ் பேச்சுமொழியானபோது, கேப் முஸ்லிம்கள் அதனையும் அரபு எழுத்திலேயே எழுதினர். உதுமானியப் பேரரசு அனுப்பிய அறிஞர் அபூபக்கர் எஃபெந்தியின் சட்டநூல் இவ்வாறு எழுதப்பட்டு 1877-இல் இஸ்தான்பூலில் அச்சேறியது. நம் முன்னோர் அரபுத் தமிழில் மார்க்க நூல்கள் இயற்றியதை அறிந்தோருக்கு இதன் அருமை எளிதில் விளங்கும்.

19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி முதல் 1931 வரை தொழுநோயாளிகள் தீவில் ஒதுக்கி வைக்கப்பட்டனர். 1961-இல் நிறவெறி அரசு அதனை மீண்டும் சிறையாக்கியது. நெல்சன் மண்டேலா தம் 27 ஆண்டுச் சிறைவாழ்வில் 18 ஆண்டுகளை அங்கே கழித்தார். குஜராத்தி முஸ்லிம் குடும்பத்தில் பிறந்த அஹ்மத் கத்ராடாவும், காந்தியடிகளின் போராட்டத் தோழரான தமிழர் தம்பி நாயுடுவின் பேரர் இந்திரஸ் நாயுடுவும் அங்கே கைதிகளாயிருந்தனர். சுண்ணாம்புக் கல் உடைத்த அக்கைதிகள் ஒருவருக்கொருவர் ஆசிரியராகி, அச்சிறையையே பாடசாலையாக்கினர். முஸ்லிம் கைதிகள் விடுதலையாகிச் செல்லுமுன் மத்தூராவின் அடக்கத்தலத்தில் மரியாதை செலுத்திச் செல்வதுண்டு. 1999-இல் யுனெஸ்கோ அத்தீவை உலக மரபுச் சின்னமாக அறிவித்தது.

துவான் குருவிடமிருந்து ஊரையும் உறவையும் டச்சுக்காரர் பறித்தனர். நெஞ்சில் இருந்த கல்வியைப் பறிக்க அவர்களால் இயலவில்லை. நம்மிடமிருந்து எவரும் எதையும் பறிக்கவில்லை. ஆயினும், பாட்டனாரின் பெட்டியில் உறங்கும் அரபுத் தமிழ் ஏட்டை வாசிக்கத் தெரிந்தோர் நம் வீடுகளில் எத்தனை பேர்? வாசிக்கத் தெரிந்த பெரியவர் ஒருவர் இருப்பின், அவர் உள்ளபோதே பிள்ளைகளை அவர் அருகில் அமர்த்துவோம். அல்லாஹ் அதற்கு அருள்புரிவானாக.